ஆற்றைச் சிக்கெடுக்கும் சீப்பு

தொய்யலாறு தொய்யலம்மையின் கூந்தல் என்பதும், அவள் மேற்கே யாரும் ஏறிப் பார்க்காத மலை ஒன்றில் சாய்ந்து படுத்துக்கொண்டு தலைமுடியை மட்டும் சமவெளிப் பக்கம் தொங்கவிட்டிருக்கிறாள் என்பதும், அந்தக் கூந்தலுக்கு வருஷத்துக்கு ஒருமுறை எங்கள் படித்துறையில்தான் சிக்கெடுக்க வேண்டும் என்பதும் நாவல்துறையில் பால்குடி மறக்காத பிள்ளைக்குக்கூடத் தெரியும். சிக்கெடுக்கிற சீப்பும் எங்களிடம்தான் இருக்கிறது. முழங்கை நீளம், பற்கள் ஒவ்வொன்றும் விரல் தடிமன். ஆமையோடு என்பார் சிலர், மான்கொம்பு என்பார் சிலர், அம்மையின் சொந்த விலா எலும்பு என்று சொல்லிக் கன்னத்தில் போட்டுக்கொள்பவர்களும் உண்டு. வெள்ளக் காலத்தில் அது அம்மிக்கல் போலக் கனக்கும், வறட்சியில் தூக்கினால் சருகு மாதிரி கையோடு வரும், ஆகையால் இந்த வருஷம் தண்ணீர் எப்படி என்று தெரிந்துகொள்ள நாங்கள் ரேடியோ கேட்பதில்லை, சீப்பைத் தூக்கிப் பார்த்துவிட்டு விதைநெல்லை வெளியே எடுப்போம்.

சீப்பைத் தொடும் உரிமை ஒரே ஒரு வீட்டுக்கு. அப்போது அது ஆவுடைத்தங்கத்திடம் இருந்தது, அவளுக்கு முன் அவள் மாமியாரிடம். ஆவுடைத்தங்கத்துக்கு வாய் கொஞ்சம் நீளம், ஆனால் கை சுத்தம்; கல்யாணமாகி வந்த அன்றே சீப்பு இருக்கும் பித்தளைப் பெட்டியைத் தலைமாட்டில் வைத்துக்கொண்டு படுத்தவள், புருஷனைவிடப் பெட்டியைத்தான் அதிகம் நம்பினாள் என்று நாங்கள் கேலி செய்வோம். கோடை தொடங்குகிற மாதத்தில், வெயில் ஏறுவதற்கு முன்னால், அவள் இடுப்பளவு தண்ணீரில் இறங்கி மேற்கே பார்த்து நின்று ஆற்றைச் சீவுவாள். பற்கள் போன வழியெல்லாம் தண்ணீரில் வகிடு விழும், சீப்பில் வேலமுள்ளும் கிழிந்த சேலையும் யாரோ எப்போதோ தொலைத்த கொலுசும், கூடவே இன்னாருடையது என்று சொல்லமுடியாத ஒரு வருத்தமும் சிக்கி வரும், அவள் அதையெல்லாம் கரையில் உதறுவாள், நாங்கள் குவித்துக் கொளுத்திவிட்டு, பொங்கல் சாப்பிட்டுவிட்டு வீட்டுக்குப் போவோம்.

அந்த வருஷம் சீப்பில் முடி வந்தது. முதலில் ஒற்றை இழைதான். பாசியாக்கும் என்று ஆவுடைத்தங்கம் உதறினாள், போகவில்லை. இழுத்தாள், இன்னும் வந்தது, இன்னும் இழுத்தாள், கை கொள்ளாத அளவுக்குக் கருகருவென்று, ஈரம் சொட்டச் சொட்ட, ஒரு பெண்பிள்ளையின் கூந்தல் தண்ணீருக்குள்ளிருந்து வந்து படிமேல் விழுந்தது. நுனிகள் கரையில் கிடந்தன, வேர்ப்பக்கம் நடு ஆற்றின் ஆழத்தில் எங்கோ போய் மறைந்தது. வலப்பக்கத்து முடி ஒழுங்காகப் பின்னி, வெளுத்துப்போன சிவப்பு ரிப்பன் வைத்துக் கட்டியிருந்தது. இடப்பக்கத்து முடி பின்னப்படாமல் கலைந்து கிடந்தது.

பெண்கள் குலவையிட்டார்கள், ஆண்கள் துண்டை எடுத்து இடுப்பில் கட்டிக்கொண்டார்கள். இத்தனை காலம் தண்ணீராகவே வந்துகொண்டிருந்த கூந்தல் இந்த வருஷம் கூந்தலாகவே வந்துவிட்டது, அவ்வளவுதானே என்று எங்களுக்குத் தோன்றியது, இதில் வாய்பிளக்க ஒன்றும் இல்லை. பரிசல்காரர் கொம்பையாவின் மனைவி அரியநாச்சி மட்டும் குலவையிடவில்லை. கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து, படியில் மண்டியிட்டு, அந்த ரிப்பனின் முடிச்சைத் தொட்டுப் பார்த்தாள்.

"இது நான் போட்ட முடிச்சு" என்றாள்.

அவள் மகள் சிட்டம்மை, ஊர் வாயில் சிட்டு, சின்ன வயதிலேயே ஆற்றோடு போனவள். பள்ளிக்கூடம் கிளம்புகிற நேரம், இரட்டைச் சடையில் ஒன்றைப் போட்டு முடித்து அடுத்ததற்கு அரியநாச்சி முடியைப் பிரித்துக்கொண்டிருக்கும்போது, ஆற்றில் புதுத்தண்ணீர் வந்துவிட்டது என்று தெருவில் யாரோ சொல்லிக்கொண்டு போக, அம்மா கையிலிருந்து தலையைப் பிடுங்கிக்கொண்டு ஓடியது பிள்ளை. உடம்புகூடக் கிடைக்கவில்லை. அரியநாச்சி அழுது தீர்த்தாள், பிறகு பேச்சைக் குறைத்துக்கொண்டாள், விரல்கள் மட்டும் அவள் சொன்னபடி கேட்காமல், யாரோடாவது நின்று பேசும்போது முந்தானை நுனியையோ ஆட்டுக்கயிற்றையோ மூன்றாகப் பிரித்துப் பின்ன ஆரம்பித்துவிடும். கையில் பாதியில் நின்றுபோன அந்த மறு சடையைப் பின்னி முடிப்பதைத் தவிர அவளுக்கு இந்த உலகத்தில் வேறு ஆசை இல்லை என்பது எங்கள் எல்லோருக்கும் தெரியும், தெரிந்து என்ன செய்ய, நாங்களும் பார்க்காத மாதிரி முகத்தைத் திருப்பிக்கொள்வோம்.

முடி அம்மையுடையதா, சிட்டுவுடையதா என்று படித்துறையில் கொஞ்ச நேரம் வாக்குவாதம் நடந்தது. நாட்டாண்மை உலகநம்பி, பசி நேரத்தில் தீர்ப்புச் சொல்வதில் கெட்டிக்காரர், அதைச் சட்டென்று முடித்துவைத்தார்.

"அம்மை முடியா இருந்தா என்ன, சிட்டு முடியா இருந்தா என்ன. ஆத்துக்குள்ள போனவ எல்லாரும் அம்மைக்குப் பிள்ளைதான. இப்ப நாம பேச வேண்டியது, எண்ணெய் யார் வீட்டுலேருந்து வருதுங்கதத்தான்."

எண்ணெய் எல்லார் வீட்டிலிருந்தும் வந்தது. தேங்காயெண்ணெய், நல்லெண்ணெய், கரிசலாங்கண்ணி போட்டுக் காய்ச்சியது, வெளியூரில் வேலை பார்க்கும் மகன் அனுப்பியது என்று மூடி திறக்காத வாசனை எண்ணெய். சீயக்காய் இடிக்கிற சத்தம் தெருத்தெருவாகக் கேட்டது. டீக்கடைக்காரர் தன் பங்குக்கு ஷாம்பு பாக்கெட் சரத்தையே அறுத்துக்கொண்டு வந்தார், பெண்கள் அவரைத் திட்டி அனுப்பிவிட்டு, அவர் தலை மறைந்ததும் அவர் போட்டுவிட்டுப் போன சரத்தை மட்டும் எடுத்து வைத்துக்கொண்டார்கள். ஒரு பெண்பிள்ளை தலை குளிக்கிற இடத்தில் ஆண்களுக்கு என்ன வேலை என்று ஆண்கள் குளிக்கும் துறை சுடுகாட்டுப் பக்கம் மாற்றப்பட்டது. ஊரில் முடிவெட்டுகிற குமரேசன், பார்த்தால் கை அரிக்கும், தப்பு ஏதும் நடந்துவிடக் கூடாது என்று கடையைப் பூட்டிவிட்டு மாமனார் ஊருக்குப் போனான். பேன் இருக்கிறதா என்று ஈருளி வைத்துப் பார்த்தபோது அகப்பட்டவை எல்லாம் பொடி இறால்களாக இருந்தன. சவுரிமுடி வாங்குகிற வியாபாரி ஒருவன் எப்படியோ மோப்பம் பிடித்து வந்து சேர, அவனைப் பெண்கள் துடைப்பத்தோடு பஸ் நிறுத்தம் வரைக்கும் வழியனுப்பி வைத்தார்கள்.

குளிப்பாட்டி, சாம்பிராணி காட்டி, ஒரு மத்தியானம் முழுக்க முறம் வைத்து விசிறிவிட்டார்கள். நுனி காய்ந்தது, கரையில் கிடந்த வரைக்கும் காய்ந்தது, தண்ணீருக்குள் இருக்கும் மிச்சத்தைப் பற்றி யாரும் கேட்கவில்லை, ஆகவே முடி காய்ந்துவிட்டது என்று முடிவு செய்தோம். அதற்குப் பிறகுதான் தகராறு. சீவியாகிவிட்டது, அடுத்து என்ன?

"அடுத்து ஒண்ணும் கிடையாது" என்றாள் ஆவுடைத்தங்கம். "எங்க அத்த சீப்பைக் கையில குடுக்கையிலயே சொல்லிட்டா. சீவு, சிக்கெடு, விட்டுரு. பின்னக் கூடாதுன்னா. ஏன் அத்தன்னு கேட்டேன். எனக்கும் தெரியாதுளா, எங்க அத்த சொன்னா, நான் சொல்லுதேன்னா."

பெண்கள் சும்மா விடவில்லை. நாவல்துறையில் தலையை விரித்துப் போட்டிருப்பவள் ஒன்று இழவு வீட்டுக்காரியாக இருக்க வேண்டும், இல்லை புருஷனோடு சண்டை போட்டுவிட்டுத் தாய்வீட்டுக்குக் கிளம்புகிறவளாக இருக்க வேண்டும். விளக்கு வைக்கிற நேரத்தில் பின்னாத தலையோடு ஒரு பிள்ளை வாசலில் நின்றால் எதிர்வீட்டுக்காரிகூட உள்ளே இழுத்துப் பின்னிவிட்டுத்தான் அனுப்புவாள். அப்படிப்பட்ட ஊரில், அம்மையை மட்டும் இத்தனை தலைமுறையாகச் சீவிச் சீவி விரிச்சமேனிக்கே விட்டிருக்கிறோமே என்று எங்களுக்கு வெட்கமாகப் போய்விட்டது. முன்னோர்கள் சோம்பேறிகள், பொங்கலுக்கு நேரமாகிறது என்று பாதியில் ஓடியவர்கள், அதற்கு ஒரு சாக்குத்தான் இந்தப் பின்னக் கூடாது என்பதெல்லாம் என்று ஒருவழியாகப் பேசி முடித்தோம்.

"நான் பின்னுதேன்" என்றாள் அரியநாச்சி. பெண்கள் விலகி இடம் விட்டார்கள்.

அவள் இடப்பக்கத்து முடியை மூன்றாகப் பிரித்தாள். முதல் பின்னல் விழுந்ததும் ஆற்றுக்குள்ளிருந்து முடி வெடுக்கென்று இழுபட்டது.

"ஆடாம உக்காரு. முடிஞ்சிட்டுது" என்றாள் அரியநாச்சி.

இழுப்பு நின்றது. அப்போதும் சேட்டைக்காரி, இப்போதும் சேட்டைக்காரி என்று கூட்டத்தில் ஒருத்தி சொன்னாள், நாங்கள் சிரித்தோம், சிரித்துக்கொண்டே கண்ணைத் துடைத்தோம். அரியநாச்சி நெருக்கமாக, இறுக்கமாக, ஒரு பிசிறு இல்லாமல் பின்னிக்கொண்டே போனாள், இத்தனை வருஷமாக முந்தானையிலும் கயிற்றிலும் பழகிவைத்தது எல்லாம் அந்தச் சடையில் இறங்கியது. கடையில் புது ரிப்பன் வாங்கி வந்து கொடுத்தார்கள், பழைய முடிச்சை அவிழ்க்காமலே இரண்டு சடையையும் பள்ளிக்கூடப் பிள்ளைக்குச் செய்வதுபோல மடித்துக் கட்டி, பிச்சிப்பூச் சரம் வைத்து, திருஷ்டி கழித்துவிட்டு, ஒரு பெண்ணைக் கரையேற்றிவிட்ட நிம்மதியோடு ஊர் தூங்கப் போனது.

மறுநாள் ஆறு ஓடவில்லை. வற்றவும் இல்லை. தண்ணீர் மூன்று பிரியாகப் பிரிந்து, ஒன்றன்மேல் ஒன்று ஏறி இறங்கி, மேற்கே கண்ணுக்கெட்டிய தூரம் வரைக்கும் பின்னிக் கிடந்தது, வெயில் பட்டு எண்ணெய் தடவினாற்போல மின்னியது, பிரிகளுக்குள் மீன்கள் கண்ணை விழித்தபடி அசையாமல் நின்றன. பார்க்க அவ்வளவு அழகாக இருந்ததால் முதல் சில நாள் நாங்கள் கவலைப்படவே இல்லை. தண்ணீர்மேல் நடந்து அக்கரைக்குக் கல்யாணம் பேசப் போனோம். பிள்ளைகள் பின்னலின் மேட்டிலிருந்து பள்ளத்துக்குச் சறுக்கினார்கள். கொம்பையாவின் பரிசல் மட்டும் இரண்டு பிரிகளுக்கு நடுவில் மாட்டிக்கொண்டு சாய்ந்து நின்றது, அவர் அதன் பக்கத்தில் உட்கார்ந்து பீடி குடித்தார்.

பிறகு, குடத்தை அமுக்கினால் தண்ணீர் ஏறவில்லை. கத்தியை வைத்து வெட்டிப் பார்த்தோம், வெட்டிய இடம் உடனே மூடிக்கொண்டது. வாய்க்கால் காய்ந்தது, வாய்க்கால் காய்ந்த கையோடு கிணறும் இறங்கியது, நாற்று மஞ்சளானது. பித்தளைப் பெட்டியிலிருந்து சீப்பை எடுக்கப் போனாள் ஆவுடைத்தங்கம், அது நாலு ஆள் சேர்ந்து நெம்பியும் அசையவில்லை. அவளே போய் ரிப்பனை அவிழ்க்கப் பார்த்தாள், முடிச்சு இறுகியது. உலகநம்பியின் மனைவி முயன்றாள், இன்னும் இறுகியது. பின்னின கைதான் அவிழ்க்க வேண்டும் என்பது அப்போது எங்களுக்கு விளங்கியது. சொன்னபோது கேட்டீங்களா என்று ஆவுடைத்தங்கம் கேட்கவில்லை, அவள் கேட்காமல் இருந்ததுதான் எங்களுக்கு அதிகமாகச் சுட்டது.

"மாட்டேன்" என்றாள் அரியநாச்சி.

கெஞ்சினோம். உலகநம்பி துண்டைத் தோளிலிருந்து இறக்கிப் பேசினார், அவர் அப்படிப் பேசி நாங்கள் பார்த்ததில்லை.

"தாயி, நாத்து கருகுது. மாடு கண்ணு கத்துது. நீ நெனச்சாத்தான் உண்டு."

"ஒத்தச் சடையோட போன பிள்ளை அண்ணாச்சி. இத்தன வருஷம் கழிச்சு இப்பத்தான் ரெட்டச் சடையோட இருக்கு. அவுத்தா போயிருவா. பெறகு நான் எங்க போய்த் தேடுவேன்?"

ஆற்றின் கீழ்முனையில் இருக்கும் காயலடி ஊர்க்காரர்கள் ஒருநாள் காலிக்குடங்களோடு வந்து படித்துறையில் நின்றார்கள், ஏசுவார்கள் என்று எதிர்பார்த்தோம், ஏசவில்லை, இடுப்பில் பிள்ளையும் குடமுமாக நின்றுவிட்டுத் திரும்பிப் போனார்கள். அரியநாச்சி அவர்களைப் பார்க்க முடியாமல் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள், ஆனால் ரிப்பனைத் தொடவில்லை. அவளைக் கொடுமைக்காரி என்று சொல்ல எங்களுக்கு நா எழவில்லை. தினமும் சாயங்காலம் அவள் பூ மாற்ற வருவாள், படியில் உட்கார்ந்து சடையை மடியில் போட்டுக்கொண்டு, வெள்ளாடு ரெட்டைக் குட்டி போட்டதை, பழைய டீச்சர் மாற்றலாகிப் போனதை, அப்பாவுக்கு முழங்கால் வலிப்பதை எல்லாம் சொல்வாள், சொல்லச் சொல்ல ஆற்றுக்குள்ளிருந்து சின்னச் சின்ன இழுப்பாகப் பதில் வரும், அவள் முகத்தில் அந்த வாரங்களில் இருந்த வெளிச்சத்தை அதற்கு முன்னாலும் பார்த்ததில்லை, பின்னாலும் பார்த்ததில்லை. அந்த வெளிச்சத்தை அணைத்துவிட்டுத்தான் நாங்கள் தண்ணீர் குடிக்க வேண்டும் என்றால் எங்களுக்கு வேதனையாகத்தான் இருந்தது, தாகமாகவும் இருந்தது.

கொம்பையா அவளிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. மலையடிவாரத்துச் சுனையிலிருந்து தோண்டியில் தண்ணீர் எடுத்து நடந்து வந்து வீட்டில் ஊற்றினார். ஒருநாள் அவர் தோண்டியை இறக்கும்போது அவளே கேட்டாள்.

"நீங்களும் அவுக்கத்தான் சொல்லுதீங்களா?"

"நான் என்னத்தச் சொல்ல. அவ தலைய நான் ஒரு நாளும் சீவிவிட்டதில்ல. இழுத்துப்புட்டா நோகுமேன்னு பயம்." அவர் கால்மேல் சிந்திய தண்ணீரைப் பார்த்துக்கொண்டே இருந்தார். "ஆனா ஒண்ணு. வெடுக்கு வெடுக்குன்னு இழுத்தாளே. இப்பவும் இழுக்காளா?"

இழுப்பு கொஞ்ச நாளாகக் குறைந்துகொண்டே வந்து நின்றுபோயிருந்தது. கதை கேட்டுத் தூங்கிவிட்டாள் என்று அரியநாச்சி தனக்குத்தானே சமாதானம் சொல்லி வைத்திருந்தாள்.

அன்றைக்கு வெயிலோடு வெயிலாக அவள் படித்துறைக்கு வந்தாள். பூவை எடுத்துப் போட்டுவிட்டு, சடையை முகத்துக்குப் பக்கத்தில் கொண்டுபோய் மோந்து பார்த்தாள். எண்ணெய்க்கும் பூவுக்கும் அடியில் ஒரு முடைநாற்றம் இருந்தது, ஈரத்துணியைச் சுருட்டி மூலையில் போட்டால் வருமே, அது. பின்னலுக்குள் விரலை விட்டுப் பார்த்தாள். உள்ளே ஒவ்வொரு பிரியும் ஈரம், போட்ட அன்றைக்கு இருந்த அதே ஈரம். அவள் உட்கார்ந்தபடியே தலையில் அடித்துக்கொண்டு அழுதாள். நாங்கள் ஓடி வந்தோம்.

"ஈரத்தலையில பின்னிட்டேனே, ஈரத்தலையில பின்னிட்டேனே. பிள்ளைக்குத் தலை என்னமா நொந்துருக்கும்."

நாவல்துறையில் ஈரத்தலையைப் பின்னும் தாய் யாரும் இல்லை. நீர் கோத்துக்கொள்ளும், தலை பாரமாகும், பிள்ளை சுணங்கிப் படுத்துவிடும் என்று எங்கள் வீடுகளில் பள்ளிக்கூடத்துக்கு நேரமானாலும் பரவாயில்லை என்று காயவைத்துவிட்டுத்தான் சீப்பை எடுப்பார்கள். ஆற்றுக்குள் இருக்கிற தலை என்றைக்குக் காயும்? பின்னக் கூடாது என்று அத்தைக்கு அத்தை சொல்லிவந்ததில் இருந்தது இவ்வளவுதான், நாங்கள் எண்ணெயும் பூவும் பார்த்த பார்வையில் இதைப் பார்க்காமல் விட்டுவிட்டோம்.

"ஆவுடைக்கா, சீப்பைக் குடுங்க" என்றாள் அரியநாச்சி.

வேறு வீட்டுக் கைக்கு அந்தச் சீப்பு அதுவரை போனதில்லை. ஆவுடைத்தங்கம் பெட்டியைத் திறந்து தள்ளி நின்றாள், "அது உன் கைக்கு வருதான்னு பாரு" என்றாள். நாலு ஆள் நெம்பியும் அசையாதது அரியநாச்சி கையோடு எழுந்து வந்தது. ஆவுடைத்தங்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டு மூக்கைச் சிந்தினாள், அவளுக்கும் அது லேசாக இல்லை.

அரியநாச்சி புது ரிப்பனை உருவிப் போட்டாள். பிரி பிரியாக அவிழ்த்தாள், அவிழ்த்த முடியில் விரலால் எண்ணெய் தொட்டுத் தடவி, சிக்கு விழுந்த இடத்தில் அடியைப் பிடித்துக்கொண்டு, நோகாமல் சீவினாள். அவள் சீவச் சீவ ஆற்றின் இடப்பக்கம் புரண்டது, ஒரு பிரியிலிருந்து இன்னொரு பிரி கழன்று விழுந்தது, நின்ற மீன்கள் வாலை அடித்தன, கொம்பையாவின் பரிசல் ஒருதரம் சுற்றிவிட்டு நிமிர்ந்தது, தண்ணீர் சளசளவென்று வாய்க்காலில் ஏறியது. பாதி ஆறு ஓடியது. எங்களுக்கு அதுவே அதிகம். காயலடிக்குப் பாதி ஆறு போதும், நாற்றுக்கும் போதும், வலப்பக்கத்துச் சடை அப்படியே இருந்துவிட்டுப் போகட்டும்.

"போதும் தாயி. அது ஒண்ணாவது ஒங்கிட்ட இருக்கட்டும்" என்றார் உலகநம்பி, ஊருக்காக இல்லை, மனசார.

அவள் அந்தப் பழைய சடையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு வெகுநேரம் பார்த்தாள். அன்றைக்குக் காலையில், அடுப்பில் இட்லி வேக வைத்துவிட்டு, நேரமாச்சு நேரமாச்சு என்று பிள்ளையைத் திட்டிக்கொண்டே போட்ட சடை. மகளைத் தொட்டுச் செய்த வேலைகளில் மிச்சம் இருந்தது அது ஒன்றுதான். அந்தக் கையின் முடிச்சு, அந்தக் காலையின் முடிச்சு.

"அன்னைக்கும் தலை சரியாக் காயல அண்ணாச்சி" என்றாள். "அவசரத்துல போட்டுட்டேன்."

பழைய ரிப்பனை அவிழ்த்து, தலை பின்னுகிற எல்லாத் தாய்களையும்போலப் பல்லிடுக்கில் கவ்விக்கொண்டாள். பிறகு அந்தச் சடையையும் அவிழ்த்தாள். இறுகி இறுகி முடியில் படிந்துபோயிருந்த வளைவுகள் போகிற வரைக்கும் சீவினாள், வலப்பக்கத்து ஆறும் அசைந்தது, முழு ஆறும் சேர்ந்து ஓடியது. ஓடுகிற ஆற்றுக்குள்ளிருந்து ஓர் இழுப்பு வந்தது, வெடுக்கென்று, வாசலில் சிநேகிதி கூப்பிடுகிற பிள்ளை இழுக்கும் இழுப்பு. அரியநாச்சி பிடிக்கவில்லை. உள்ளங்கையை விரித்துக் கொடுத்தாள், கூந்தல் முழுக்க அதன் மேலாக ஓடி, படியிலிருந்து வழுக்கித் தண்ணீருக்குள் இறங்கிப் போனது.

கொம்பையா பரிசலைக் கரையில் இழுத்துப் போட்டுவிட்டு வந்து பக்கத்தில் நின்றார்.

"வீட்டுக்குப் போவமா?" என்று கேட்டார்.

ரிப்பன் பல்லிடுக்கில் இருந்ததால் அவளால் பதில் சொல்ல முடியவில்லை, தலையை ஆட்டினாள். சீப்பை ஆவுடைத்தங்கத்தின் கையில் கொடுத்துவிட்டு எழுந்தாள். கையில் எண்ணெய் மிச்சம் இருந்தது, அதைத் தன் தலையில் தடவிக்கொண்டே படியேறினாள்.